வீரலட்சுமியின் கயிற்றில் வார்சா நூலகம்

போலந்து நாட்டின் வார்சா நகரில் 1944 அக்டோபரில் எரிக்கப்பட்ட நூலகம், கொச்சி மட்டாஞ்சேரியில் வீரலட்சுமி காயப்போட்டிருந்த நாற்பத்து மூன்று படுக்கை விரிப்புகளின் மேல், ஒரு மே மாதச் செவ்வாய்க்கிழமை காலை பத்து மணிக்கும் பதினொன்றுக்கும் இடையில் வந்து இறங்கியது. மழை தொடங்க இன்னும் ஆறு நாள் இருந்தது. மேகம் மட்டும் முன்கூட்டியே வந்து நின்றது. சலவைத்துறையில் அன்று இருபத்தெட்டுப் பேர் துணி காயப்போட்டிருந்தார்கள். அடுத்த கயிற்றில் வெங்கடேஸ்வரனின் ஆஸ்பத்திரித் துணிகள் ஒரு முழத் தூரத்தில்தான் ஆடிக்கொண்டிருந்தன. அவற்றில் ஒரு பொட்டுகூட விழவில்லை. ஏன் வீரலட்சுமியின் துணி மட்டும் என்று கேட்டால், எழுதுவதற்கு லாயக்கான வெள்ளை அவளிடம்தான் இருந்தது என்று ஊரில் பதில் சொல்கிறார்கள். இதை இதுவரை மறுத்திருப்பவர் வெங்கடேஸ்வரன் ஒருவர்தான்.

வீரலட்சுமிக்கு நாற்பத்தாறு வயது, சுள்ளிக்கல்லில் வீடு. டச்சுக்காரர்கள் தங்கள் சிப்பாய்களின் உடுப்பு வெளுக்கத் தமிழ்நாட்டிலிருந்து கொண்டுவந்த குடும்பங்களில் ஒன்றைச் சேர்ந்தவள். எழுதப் படிக்க மலையாளம், சண்டை போடத் தமிழ். நான்கு விடுதிகளுக்கும் எழுபது எண்பது வீடுகளுக்கும் துவைத்தாள். ஒவ்வொரு துணியின் ஓரத்திலும் அது எந்த வீட்டுத் துணி என்று சேங்கொட்டை மையால் ஒரு குறி போடுவது துறையின் வழக்கம். இரண்டு புள்ளி ஒரு கோடு என்றால் ஷாஹிரின் விடுதி. கோழிக்கால் போல இருந்தால் பள்ளுருத்தி டாக்டர் வீடு. இந்தக் குறிகளை யாரும் எழுதி வைத்துக்கொள்வதில்லை, எல்லாம் மண்டையில்தான். ஒரு தடவை பார்த்த குறியை வீரலட்சுமி மறந்ததாகச் சரித்திரம் இல்லை. துறையில் திருட்டுக்குக்கூட மன்னிப்பு உண்டு, திருடிய துணியைத் திருப்பிக் கொடுத்துவிடலாம். ஆனால் அடுத்தவர் குறியை அழித்துவிட்டால் அந்தத் துணி திரும்பிப் போக வீடே கிடையாது. அப்படிச் செய்தவர்களோடு துறையில் யாரும் தண்ணீர் பங்கிடுவதில்லை.

அன்று அவள் சாயா குடித்துவிட்டுத் திரும்பி வந்தபோது விரிப்புகள் மூலைக்கு மூலை கருத்திருந்தன. கிட்டப் போய்ப் பார்த்தால் எழுத்து. எறும்பு வரிசை மாதிரிப் பொடி எழுத்து, தலைப்பிலிருந்து கீழ் ஓரம்வரை இடைவெளியே இல்லாமல். ஒன்றில் எழுத்துக்கு நடுவே ஐந்தைந்து கோடாக இழுத்து அதில் புள்ளிகளைத் தொங்கவிட்டிருந்தது. இன்னொன்றில் கிளை பிரியும் ஓர் ஆறு. தொட்டால் விரலில் சாம்பல் ஒட்டியது. எரிந்துபோன விறகின் வாடை இல்லை அது. தோலும் காகிதமும் சேர்ந்து எரிந்த வாடை.

“சேட்டா, இது எந்தா கூத்து? என் துணில யாரு எழுதினது?” என்று அவள் போட்ட சத்தத்தில் துறையே கூடிவிட்டது. வெங்கடேஸ்வரன் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிக்கொண்டு பார்த்தார். “கலைவிழாவுக்கு வந்த பசங்க வேலையாத்தான் இருக்கும். இங்க சுவரெல்லாம் கிறுக்கித் தீத்துட்டானுவ, இப்ப துணிக்கு வந்துட்டானுவ” என்றார். கலைவிழா முடிந்து எத்தனையோ நாள் ஆகியிருந்தது என்பதை யாரும் அவரிடம் சொல்லவில்லை. விடுதி வண்டி ஆறரைக்கு வரும். வீரலட்சுமி புடவையை இழுத்துச் செருகிக்கொண்டு நாற்பத்து மூன்றையும் உருவி எடுத்தாள்.

பகல் முழுக்கத் துவைத்தாள். வெள்ளாவி, சோப்பு, ப்ளீச்சிங் பவுடர், மறுபடி சோப்பு. தொட்டியிலிருந்து ஓடையில் போன தண்ணீர் மசிபோல் கருத்து, சாக்கடை வாய்வரை எழுத்துகளாகவே மிதந்து போனது என்று பார்த்தவர்கள் சொல்கிறார்கள். ஒவ்வொரு விரிப்பின் வலது கீழ் மூலையிலும் ஒரு சின்ன வட்டம் இருந்தது, அதற்குள் இரண்டு மூன்று எழுத்தும் ஓர் எண்ணும். முதல் வட்டத்தைக் கண்டதும் அவள் கை நின்றது உண்மை. யார் வீட்டுக் குறியோ என்று நினைத்ததும் உண்மை. இடது மூலையில் இரண்டு புள்ளியும் கோடும் இருக்கவே, நம்ம ஷாஹிர் துணிதானே என்று மனசைச் சமாதானப்படுத்திக்கொண்டு தேய்த்தாள். நாற்பத்திரண்டு விரிப்பு பளிச்சென்று வந்துவிட்டது. ஒன்று மட்டும் பிடிவாதம் பிடித்தது. தலைமாட்டுப் பக்கம் கால்வாசி எழுத்து மங்கலாக நின்றுபோனது. தலையணைக்கு அடியில் மறைந்துவிடும் என்று அதையும் மடித்து அனுப்பினாள்.

அந்த ஒன்று மறுநாள் காலை ஆறாம் எண் அறையில் விரிக்கப்பட்டது. அறையில் தங்கியிருந்தவர் யாத்விகா, அறுபத்தெட்டு வயது, வார்சாவில் ஒரு நூலகத்தில் இருபத்தொன்பது ஆண்டுகள் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர், மூட்டு வலிக்கு எண்ணெய் போட்டுக்கொள்ளக் கொச்சிக்கு வந்தவர். தலையணையைச் சரிசெய்யப் போய் மங்கல் எழுத்தைப் பார்த்தார். குனிந்து வாசித்தார். பிறகு அவர் போட்ட அலறலில், பாம்பு வந்துவிட்டதென்று ஷாஹிர் மூங்கில் கழியோடு மாடிக்கு ஓடினான்.

அவர்கள் இருவரும் ஆட்டோவில் துறைக்கு வந்து சேர்ந்தபோது பதினொன்றடிக்கச் சில நிமிடம். புதன்கிழமையும் சாம்பல் தவறாமல் இறங்கியிருந்தது. முப்பத்தொரு விரிப்பு எழுத்தோடு ஆடிக்கொண்டிருந்தது. வீரலட்சுமி தலையிலடித்துக்கொண்டு முதல் விரிப்பை உருவித் தொட்டிக்குமேல் பிடித்திருந்தாள்.

“சேச்சி, முக்காதீங்க! கையை எடுங்க!” ஷாஹிர் வாசலிலிருந்தே கத்தினான். யாத்விகா அதற்குள் ஈரத்தில் வழுக்கி, எழுந்து, வந்து விரிப்பைப் பிடுங்கி நெஞ்சோடு அணைத்துக்கொண்டார். முழங்காலில் ரத்தம் வந்தது. அவர் ஆங்கிலத்தில் சொல்லச் சொல்ல ஷாஹிர் திருப்பிச் சொன்னான்.

“இது கறையில்லையாம் சேச்சி. புஸ்தகமாம். ஒரு விரிப்பு, ஒரு முழுப் புஸ்தகம். யுத்தத்துல சண்டையெல்லாம் ஓஞ்சு, ஊரே கீழடங்கினதுக்கப்புறம், ஜெர்மன்காரனுங்க வேணும்னே வந்து கொளுத்தியிருக்கானுங்க. கையெழுத்துல எழுதினது, பாதிக்கு மேல உலகத்துல வேற பிரதியே கெடையாதாம்.”

“கொளுத்தினது எப்பிடி இங்க வரும்?”

“அது அவங்களுக்கும் அறியில்ல.”

கூட்டத்தில் யாரோ, புகை மேலே போனால் ஒரு நாள் கீழே இறங்கித்தானே ஆகவேண்டும், எண்பது வருஷம் கொஞ்சம் அதிகம், அவ்வளவுதான் என்றார்கள். மேகம் முதலில் இறங்குவது கேரளத்தில் என்பதால் அந்தக் கணக்கைத் துறையில் எல்லோரும் ஒப்புக்கொண்டார்கள். யாத்விகா மூலையிலிருந்த வட்டத்தில் விரலை வைத்துக் காட்டினார். நூலகத்தின் முத்திரை, அலமாரி எண். ஷாஹிர் வாயைத் திறக்குமுன்பே வீரலட்சுமிக்குப் புரிந்துவிட்டது. வீட்டுக் குறி. துவைகல்லில் உட்கார்ந்துவிட்டாள். பெற்ற பிள்ளையைத் தெரியாமல் மிதித்தவளுக்கு எப்படி இருக்குமோ அப்படி இருந்தது அவளுக்கு.

“நேத்து எத்தனை வந்துச்சு, எத்தனை துவைச்சீங்கன்னு கேக்குறாங்க” என்றான் ஷாஹிர்.

வெங்கடேஸ்வரன் குனிந்து அவள் காதோரம் சொன்னார்: “ஒண்ணுன்னு சொல்லு. அந்த ஒண்ணைத்தான் அவங்க கண்டது. பாக்கியை ஆரு கண்டா? சோறு முக்கியம் தாயி. குறி அழிச்சவன்னு பேராச்சுன்னா இங்க ஒருத்தன் உனக்குத் தண்ணி விடமாட்டான்.”

தண்ணீரைப் பற்றி அவர் சொன்னதில் பொய் ஏதும் இல்லை. இருபத்தேழு ஜோடிக் கண்ணும் அவளைப் பார்த்துக்கொண்டிருந்தன. யாத்விகாவின் முகத்தில் அந்த நேரத்தில் கோபம் இல்லை, ஒன்றே ஒன்று என்று யாராவது சொல்லமாட்டார்களா என்ற கெஞ்சல்தான் இருந்தது. வீரலட்சுமி நிமிர்ந்தாள்.

“நாப்பத்தி மூணு வந்துச்சு. ஒண்ணுதான் உங்க கட்டில்ல கெடக்கு. நாப்பத்திரெண்டு போச்சு. நான்தான். இந்தக் கையாலதான்.”

ஷாஹிர் அதை ஆங்கிலத்தில் திருப்பிச் சொன்னான். கேட்டதும் யாத்விகா அழவில்லை. நெஞ்சோடிருந்த விரிப்பை இன்னும் இறுக்கிக்கொண்டார். நெருப்பிலிருந்து எண்பது வருஷம் நடந்து வந்த புத்தகங்கள், வீடு சேர ஒரு நாள் இருக்கும்போது, நல்ல மனசுள்ள ஒரு பெண்ணிடம் அகப்பட்டு அழிந்தன. இதற்கு எந்த ஊரில் என்ன சொல்வார்கள்?

வீரலட்சுமி எழுந்து போய் ஒரு புது வெள்ளை விரிப்பைக் கல்லில் விரித்தாள். மைச்சிமிழை எடுத்தாள். ஒரு வட்டம் போட்டு அதற்குள் தனக்கு வாசிக்கத் தெரியாத மூன்று எழுத்தையும் ஓர் எண்ணையும் எழுதினாள். பிறகு அடுத்தது. துவைத்த வரிசையிலேயே, ஒன்றுகூடத் தப்பாமல், நாற்பத்திரண்டு குறியும். யாத்விகா தன் கைபேசியில் இருந்த, எரிந்தவற்றின் பட்டியலில் ஒவ்வொன்றாகத் தேடி, பெயரை வாசித்தார். ஒரு மடாலயத்தின் பாட்டுப் புத்தகம். ஓர் ஆற்றின் வரைபடம். ஒரு சின்ன ஊரில் முந்நூறு வருஷத்துக் கல்யாணங்களின் பதிவேடு. ஷாஹிர் அதையெல்லாம் தமிழில் சொன்னான். சொல்ல வேண்டாமென்று வீரலட்சுமி ஒரு தடவைகூடத் தடுக்கவில்லை. முப்பதாவது குறிக்குமேல் சேங்கொட்டை மை பட்டு அவள் விரல் கொப்புளித்தது. நாற்பத்திரண்டாவது முடிந்ததும் யாத்விகா அந்தக் கையைப் பிடித்துத் தொட்டித் தண்ணீரில் வைத்தார். வெங்கடேஸ்வரன்தான் முதலில் போய் அவள் தொட்டிக்குத் தண்ணீர் திறந்துவிட்டார்.

மழை வரும்வரை தினமும் சாம்பல் இறங்கியது. மாசுக் கட்டுப்பாட்டு அலுவலர் ஒருவர் வந்து கரித்துகள் என்று எழுதிக்கொண்டு போனார். விரிப்பு யாருடையது என்று கொஞ்ச நாள் வழக்கு நடந்தது. துணி என்னுது, எழுத்து அவங்களுது, எழுத்தை உரிச்செடுக்க முடியாதே என்று ஷாஹிரே விட்டுக்கொடுத்துவிட்டான். நூற்றுத் தொண்ணூற்றாறு புத்தகங்கள் அந்த ஆண்டு மட்டும் கப்பலேறின. சுங்கப் படிவத்தில் அதற்கான கட்டம் எதுவும் இல்லாததால் பழைய படுக்கை விரிப்பு என்று பதிவாகியுள்ளன. அடுத்த ஆண்டு மேயிலும் வந்தன, இந்த ஆண்டும் வந்தன. வார்சா இப்போது வீரலட்சுமியின் வாடிக்கை வீடுகளில் ஒன்று.

வந்தவற்றில் அந்த நாற்பத்திரண்டு இல்லை. ஒவ்வொரு மே மாதமும் அவள் நாற்பத்திரண்டு புது விரிப்புகளின் வலது மூலையில் அந்தந்தக் குறியைப் போட்டு, காலை பத்து மணிக்குத் தனியாக நான்கு கயிறுகளில் காயப்போடுகிறாள். துறையில் கயிற்றுக்கு அடிதடியே நடக்கும். ஆனாலும் அந்த நான்கு கயிற்றில் வேறு யாரும் ஒரு கைக்குட்டையைக்கூடப் போடுவதில்லை. பதினோரு மணிக்கு அவள் போய்ப் பார்க்கிறாள். ஒவ்வொன்றாக எடுத்து மடித்து, மறுநாளைக்கு வைக்கிறாள்.