இடது மடல்

அறுவை அரங்கின் வாசலில் குளிர்பெட்டியோடு காத்திருப்பதுதான் என் வேலையில் பாதி. உள்ளே ஒரு குழந்தையின் நெஞ்சைத் திறந்து இதயத்தைச் சரிசெய்வார்கள். இதயத்துக்கு முன்னால் தைமஸ் சுரப்பி இரண்டு மடலாகக் கிடக்கும். கைக்கு இடைஞ்சல் என்று அதை வெட்டி எடுப்பார்கள். பெரும்பாலும் அது குப்பைக்குத்தான் போகும். பெற்றோர் சம்மதித்தால் மட்டும் என் பெட்டிக்கு வரும்.

மெல்பர்னில் ஒரு குழந்தைகள் மருத்துவமனையின் திசு ஆய்வகத்தில் இருபத்திரண்டு வருடமாக இருக்கிறேன். பெயர் டெஸ்பினா. இதய மருத்துவன் லாக்கியர் என்னைக் குப்பை பொறுக்கி என்பான். அவ்வளவு வருடப் பழக்கம், அவன் இவன் என்றுதான் எனக்கும் வாயில் வரும்.

அன்று செவ்வாய்க்கிழமை, ஆகஸ்ட் மாதக் குளிர். எனக்கு அந்தச் சுரப்பி வேண்டியிருந்தது ஆர்லோவுக்காக. ஐந்து மாதப் பையன், தாஸ்மேனியாவிலிருந்து வந்தவன், தைமஸ் இல்லாமலே பிறந்தவன். பிறந்த மூன்றாம் வாரத்திலிருந்து நான்காம் மாடியில் கண்ணாடிச் சுவர் வைத்த தனியறையில் இருக்கிறான். அவனுடைய எலும்பு மஜ்ஜையில் வெள்ளணுக்களுக்குக் குறைவில்லை. ஆனால் எது தன் உடம்பு, எது அந்நியம் என்று அவற்றுக்குச் சொல்லித்தர இடமில்லை.

பெற்றோருக்குக் கொடுக்கும் கையேட்டில் தைமஸை ஒரு பள்ளிக்கூடம் என்று எழுதியிருக்கிறார்கள். படிக்கும்போதெல்லாம் எனக்கு எரிச்சல் வரும். நூறு பேர் உள்ளே போனால் தொண்ணூற்றைந்து பேரைக் கொன்றுவிட்டு ஐந்து பேரை வெளியே விடும் பள்ளிக்கூடத்தை நான் பார்த்ததில்லை. சொந்த உடம்பின் மேல் பாயக்கூடிய அணுவை அது உயிரோடு விடாது. ஒன்றையும் அடையாளம் காணத் தெரியாததையும் விடாது. மிஞ்சும் ஐந்துதான் நம்மைக் காப்பாற்றுகிறது. ஆர்லோவுக்கு அந்த ஐந்தும் இல்லை.

வேறொரு குழந்தையின் தைமஸை மெல்லிய துண்டுகளாகச் சீவி, இரண்டு வாரம் தட்டில் வளர்த்து, அவன் தொடைத் தசையில் பதித்தால், அவன் அணுக்கள் அங்கே போய்ப் பழகிக்கொள்ளும். ஜூலையில் ஒருமுறை வளர்த்தோம். ஒன்பதாம் நாள் தட்டில் பூஞ்சை பூத்தது. அதன் பிறகு வரவேண்டிய இரண்டு அறுவைகள் தள்ளிப்போயின. இதற்குள் ஆர்லோவுக்கு நுரையீரலில் தொற்று இறங்கிவிட்டது. இன்னும் ஒரு மாதம் தாங்கினால் பெரிது என்று அவனுடைய மருத்துவர்கள் சொல்லிவிட்டார்கள். இதெல்லாம் அவன் அம்மா கிர்ஸ்டிக்கும் தெரியும். அன்று காலை நான் லிஃப்டில் இறங்கும்போது என் கையிலிருந்த பெட்டியைத் தொட்டுக்கொண்டு, "இதை விழாம எடுத்துட்டு வா டெஸ்" என்றாள்.

பத்தே காலுக்கு அரங்கின் கதவு திறந்து செவிலி லோசா குப்பியை நீட்டினாள். முகமூடிக்கு மேல் கண் சிரித்தது.

"இந்தாக்கா, உன் புதையல். நல்ல பெருசு."

வாங்கிப் பார்த்தேன். நான் கொடுத்தனுப்பிய திரவம் ரோஸ் நிறம். இதில் இருந்தது தண்ணீர் போலத் தெளிவாக இருந்தது.

"லோசா. இது எந்தக் குப்பி?"

அவள் குப்பியைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள். சிரிப்பு போய்விட்டது.

"அக்கா... ஃபார்மலின்."

வெட்டி எடுத்த எதுவானாலும் ஃபார்மலினில் போட்டுப் பரிசோதனைக்கு அனுப்புவது அரங்கத்தின் பழக்கம். லோசா பதினோரு வருடமாக அதைச் செய்கிறாள். என் குப்பியும் அதுவும் ஒரே மேசையில் பக்கத்துப் பக்கத்தில் இருந்தன. லாக்கியர் ஏதோ ஊசி கேட்டிருக்கிறான், தலை அங்கே திரும்பியது, கை தனக்குத் தெரிந்ததைச் செய்துவிட்டது. ஃபார்மலினில் விழுந்தது பிணம். அதிலிருந்து ஒரு துண்டைக்கூட நான் தட்டில் வைக்க முடியாது.

கெட்ட வார்த்தை ஒன்று நாக்கின் நுனிவரை வந்தது. லோசாவின் கண்ணில் நீர் நிறைந்துகொண்டிருந்தது, அதைப் பார்க்கவும் எனக்கு ஆத்திரமாகத்தான் இருந்தது. சுவரிலிருந்த பேசும் பொத்தானை அழுத்தினேன்.

"லாக்கியர், வீணாப் போச்சு. ஃபார்மலின்ல போட்டுட்டாங்க. உள்ள மிச்சம் ஏதாவது இருக்கா?"

பார்த்துவிட்டுச் சொன்னான்.

"இருக்கு. இடது மடல் அப்படியே இருக்கு."

"எடு."

"அது என் வழியில இல்ல டெஸ்பினா. வழியில இல்லாததை நான் எடுக்கிறதில்ல."

இது எனக்குத் தெரிந்ததுதான். முன்பெல்லாம் அவனும் முழுதாக வழித்து எடுப்பவன்தான். சில வருடமாக ஒரு பக்கத்தை விட்டுவைக்கிறான். தைமஸை இழந்தவர்கள் பின்னாளில் அதிகம் நோய்ப்படுகிறார்கள் என்று ஆராய்ச்சிகள் வரத் தொடங்கியதிலிருந்து அப்படி. கஞ்சப்பயல் என்று அதற்காக அவனை எத்தனையோ முறை ஓட்டியிருக்கிறேன்.

"மேல ஒரு குழந்தை சாகக் கிடக்குது."

"இங்க ஒரு குழந்தை நெஞ்சு திறந்து கிடக்குது. அறுவைக்கு எடுக்கவேண்டியதை மட்டும் எடுத்துக்கலாம்னுதான் அவ அம்மா எழுதிக் குடுத்திருக்காங்க. போய்க் கேளு. சரின்னு கையெழுத்துப் போட்டா எடுத்துத் தர்றேன். இருபது நிமிஷத்துல மூடிடுவேன்."

கொடுப்பவரின் குடும்பத்தை ஆய்வக ஆட்கள் பார்க்கக்கூடாது என்பது விதி. அதற்கென்று இருப்பவள் அன்று விடுப்பில் இருந்தாள். புதுப் படிவம் ஒன்றைச் சட்டைப் பைக்குள் திணித்துக்கொண்டு ஓடினேன்.

காத்திருப்பு அறையில் ஒரே ஒரு பெண். முப்பது வயது இருக்கலாம். காலில் பழத்தோட்டத்துச் சேறு காய்ந்த பூட்ஸ். மடியில் இறைச்சி வைத்துச் சுட்ட பன் ஒன்று தொடாமல் ஆறிக்கிடந்தது. என் உடுப்பைப் பார்த்ததும் எழுந்துவிட்டாள்.

"என்ன ஆச்சு?"

"ஒண்ணும் ஆகல. பாப்பா நல்லா இருக்கா. இதய வேலை முடியப்போகுது. நான் வேற ஒண்ணு கேக்க வந்தேன். அந்தச் சுரப்பி..."

"எங்க கையெழுத்துப் போடணும்?"

"என்னன்னு முதல்ல கேளுங்க. இன்னொரு பக்கமும் எடுக்கணும்."

"டாக்டருக்குத் தெரியுமா?"

"தெரியும்."

"அப்போ சரி. எடுத்துக்கோங்க. பேனா இருக்கா?"

படிவத்தை நாற்காலியின் கைப்பிடியில் வைத்துக்கொண்டு குனிந்துவிட்டாள். சரி என்று தெளிவாகச் சொல்லிவிட்டாள். எனக்கு வேண்டியது அதுதான். ஆனால் அவள் கண் காகிதத்தில் இல்லை. என் செருப்பில் ரத்தம் இருக்கிறதா என்று தேடிக்கொண்டிருந்தது. நுரையீரலைக் கேட்டிருந்தாலும் அந்த நிமிடத்தில் கையெழுத்துப் போட்டிருப்பாள். முதல் எழுத்தை எழுதிவிட்டாள். நான் காகிதத்தின் மேல் உள்ளங்கையை வைத்தேன்.

பெரிய மனசில் செய்யவில்லை. எனக்கு என் மேலேயே அருவருப்பாக இருந்தது, அவ்வளவுதான்.

"உட்காருங்க. இதைக் கேட்டுட்டுப் போடுங்க. நேத்து நீங்க தர்றேன்னு சொன்னது எங்க தப்பால வீணாயிடுச்சு. இப்போ கேக்கிறது உங்க பொண்ணுக்கு விட்டுவெச்ச பக்கம். டாக்டரோட வேலைக்கு அதை எடுக்கத் தேவையில்ல."

"அது இல்லேன்னா இவளுக்கு என்ன ஆகும்?"

"இல்லாமலே நல்லா வளர்ற பிள்ளைங்க நிறையப் பேர் இருக்காங்க. ஆனா இருந்தா நல்லது. பின்னாடி நோய் நொடி வந்தா தாங்குறதுக்கு. எவ்வளவு நல்லதுன்னு யாருக்கும் சரியாத் தெரியாது."

"அந்தக் குழந்தைக்கு?"

"வேற கிடைக்கலேன்னா பிழைக்காது."

"வேற கிடைக்குமா?"

"தெரியாது."

சுவர்க் கடிகாரத்தில் இன்னும் ஒன்பது நிமிடம் இருந்தது. நான் கொஞ்சமும் எதிர்பாராத கோபம் அவள் முகத்தில் வந்தது.

"இதையெல்லாம் எங்கிட்ட எதுக்குச் சொல்றீங்க? பேசாம வாங்கிட்டுப் போயிருக்கலாம்ல? நான் போட்டுக்கிட்டுத்தானே இருந்தேன்."

"தெரியும்."

"இப்போ எப்படிப் போடுறது நான்?"

அவள் பேனாவை என்னிடமே நீட்டினாள்.

"முடியாது. ஏற்கனவே அவ நெஞ்சைப் பொளந்து வெச்சிருக்கீங்க. தேவையில்லாத எதையும் எடுக்காதீங்க. முடியாதுன்னு டாக்டர்கிட்ட சொல்லிடுங்க. இப்பவே போய்ச் சொல்லுங்க."

சொன்னேன். லாக்கியர் "சரி" என்று மட்டும் சொன்னான். கம்பியால் நெஞ்செலும்பைக் கட்டும் சத்தம் பொத்தான் வழியாக வந்தது. அதன் பிறகு லோசாவோடு நான் ஒரு மாதம் பேசவில்லை. அது நியாயமில்லை என்று தெரிந்தும் முடியவில்லை.

நான்காம் மாடிக்குப் படியேறித்தான் போனேன், லிஃப்ட் சீக்கிரம் போய்விடும் என்பதால். கிர்ஸ்டி அறைக்கு வெளியே கை கழுவிக்கொண்டிருந்தாள். என் கையில் பெட்டி இல்லாததைப் பார்த்துக் குழாயை மூடினாள். கண்ணாடிக்குப் பின்னால் ஆர்லோ மூக்கில் குழாயோடு தூங்கிக்கொண்டிருந்தான். நடந்ததை ஒன்றுவிடாமல் சொன்னேன்.

"அந்த அம்மா கேட்டதுமே முடியாதுன்னுட்டாங்களா?" என்று கேட்டாள்.

ஆமாம் என்றிருக்கலாம். யாருக்கும் தெரியப்போவதில்லை.

"இல்ல. முதல்ல சரின்னாங்க. எதைத் தர்றாங்கன்னு புரியாம சொன்னாங்க. நான் புரியவெச்சேன்."

"நீ வாயைத் திறக்காம இருந்திருந்தா?"

"கிடைச்சிருக்கும்."

அவள் ஈரக் கையை உதறினாள்.

"அவ இடத்துல நான் இருந்தாலும் முடியாதுன்னுதான் சொல்லியிருப்பேன். அதனால அவளை வெறுக்க மாட்டேன்னு நினைச்சுக்காத. உன்னையும்தான்." உள்ளே போய்த் திரையை இழுத்துவிட்டாள்.

அடுத்த தைமஸ் பதினேழு நாள் கழித்து வந்தது. அது தட்டில் வளர இன்னும் இரண்டு வாரம் ஆனது. ஆர்லோ தாங்கினான். அந்த நாட்களில் தொற்றைப் பிடித்துநிறுத்தக் கொடுத்த மருந்து அவன் காது இரண்டையும் எடுத்துக்கொண்டது. செவ்வாய்க்கிழமையே கிடைத்திருந்தால் காது தப்பியிருக்குமா என்று என்னால் சொல்ல முடியாது. தப்பியிருக்கும் என்றுதான் நினைக்கிறேன்.

இப்போது அவனுக்கு நான்கு வயது. ஆறு மாதத்துக்கு ஒருமுறை ரத்தப் பரிசோதனைக்கு வருகிறான், நடைபாதையெல்லாம் ஓடுகிறான், இருமுகிறவர்கள் பக்கத்தில்கூட உட்காருகிறான். கிர்ஸ்டி அவனிடம் கைச்சாடையில் பேசுவாள், என்னிடம் தலையசைப்பதோடு சரி. போன மாதம்தான் முதன்முறையாகப் பக்கத்தில் வந்து நின்றாள்.

"அந்த அம்மாவோட பொண்ணு எப்படி இருக்கா?"

"சொல்லக்கூடாது கிர்ஸ்டி. எனக்குத் தெரியவும் தெரியாது."

ஊசி குத்திய கையைத் தூக்கி ஆர்லோ அவளிடம் ஏதோ காட்டினான். அவள் அவனுக்குக் கையால் பதில் சொல்லிவிட்டு, என்னைப் பார்க்காமலே சொன்னாள்.

"நல்லா இருக்கணும் அவ. ஒரு சளிகூடப் பிடிக்கக்கூடாது அவளுக்கு."