கட்லர் மேட்டுக் கற்கள்

லோவெல் டிரம்போ இரண்டு புத்தகங்கள் எழுதியவர். தெற்கு ஒஹையோவில் தம் மாவட்டத்தில் மூடப்பட்ட தபால் ஆபீஸ்களைப் பற்றியது ஒன்று; அதைக் குளிர்காலங்களில் எழுதினார். அதே மாவட்டத்துக் கல்லையும் மண்ணையும் பற்றியது இன்னொன்று; அதைக் கோடையில் மேடு மேடாக ஏறி எழுதினார். இரண்டையும் முழுசாகப் படித்த ஜீவன் உலகத்தில் ஒன்றுதான். தட்டச்சு செய்துகொடுத்த அவர் மனைவி நெட்ரா.

கல் புத்தகம்தான் பேர் வாங்கிக் கொடுத்தது. கட்லர் மேட்டில் கிடக்கும் இளஞ்சிவப்புக் கிரானைட் கற்கள் இந்த ஊர்க் கற்களே அல்ல, ஆதிகாலத்துப் பனிப்பாறை வடக்கேயிருந்து தள்ளிக்கொண்டு வந்தவை என்று அதில் அடித்துச் சொல்லியிருந்தார். எந்தப் பேராசிரியரும் கண்டுபிடிக்காத விஷயம். ஊர் பூரித்துப்போய், 'பனிப்பாறை வந்து நின்ற இடம்' என்று பலகையே செய்துவிட்டது. திறப்பு விழா அன்று காலை அவர் கழுத்து டையோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தபோது நெட்ரா காபி கொண்டுவந்தாள்.

"லோவெல், பிளிஸ்னு ஒரு தபால் ஆபீஸ் எழுதினியே, அது எங்க இருந்துச்சு?"

"கட்லர் மேட்டுலதான். ஆபீஸை மூடினதும் அந்தப் பேரும் போயிருச்சு."

"அங்க குடியிருந்த ஹால்வர்சன் பொண்டாட்டி பொறந்த வீட்டை நெனச்சு ஏங்கிப்போய், வடக்கே மிச்சிகன்ல அவ அப்பா நிலத்துக் கல்லையெல்லாம் பார்சல்ல வரவழைச்சு, குளிர்காயக் கணப்பு கட்டினாள்னு எழுதியிருக்க. வண்டிக்கூலியைவிட தபால் மலிவுன்னு. அப்புறம் வீடு எரிஞ்சு, கல்லு மட்டும் மிஞ்சுச்சுன்னு."

"ஆமா, நல்ல கதை." லோவெலின் கை டையிலேயே நின்றுவிட்டது. "அந்தக் கல்லு என்ன நிறம்னு எழுதினேன்?"

"இளஞ்சிவப்பு."

அவர் நாற்காலியில் பொத்தென்று உட்கார்ந்தார். "டைப் அடிக்கும்போதே சொல்லக்கூடாதா?"

"நேத்து பலகையைப் பார்த்தப்பதான் எனக்கே பொறி தட்டுச்சு. எழுதின மகராசனுக்கே தெரியல, என்னைச் சொல்ல வந்துட்டாரு!"

வாயை மூடிக்கொண்டிருந்தால் யாருக்கும் தெரியப்போவதில்லை. தபால் புத்தகத்தை எவன் படித்தான்? ஆனாலும் கல் விஷயத்தில் பொய் சொல்ல மனுஷனுக்கு மனசு வரவில்லை. மேட்டில் ஊரே கூடியிருந்தது. மேயர் வெர்ன் கத்திரிக்கோலும் கையுமாக இளித்துக்கொண்டு நின்றார்.

"பனிப்பாறை இங்க வரவே இல்லைங்க," என்றார் லோவெல். "இது தபால்ல வந்த கல்லு. நான்தான் தப்பா எழுதிட்டேன்."

மேயரின் முகம் தொங்கிப்போயிற்று.

"எதுல வந்தா என்னய்யா? நம்ம தபாலும் பனிப்பாறையும் ஒரே வேகம்தானே!" என்று ஒரு குரல் கிளம்பியது. கூட்டம் வயிறு குலுங்கச் சிரித்தது. லோவெலுக்கு அவமானத்தில் அழுகையே வந்துவிடும்போல் இருந்தது.

முன்வரிசையிலிருந்து இர்மா ஸ்காக்ஸ் கிழவி தடியை ஊன்றி எழுந்தாள்.

"அந்தப் பார்சலையெல்லாம் மேட்டுக்குக் கொண்டுவந்தது யாரு?"

"பிளிஸ் தபால்காரர். எலாம் ஸ்காக்ஸ்."

"எங்கப்பா." கிழவி குனிந்து ஒரு கல்லைத் தடவினாள். "முதுகு வலின்னு சாகுறவரைக்கும் முனகுவாரு. சோம்பேறித்தனம்னு எங்கம்மா திட்டுவா. நாங்களும் அப்படித்தான் நெனச்சோம்."

மேயர் பலகையை மெல்லத் திருப்பினார். பின்பக்கம் காலியாக இருந்தது.

"வேற என்னன்னு எழுதுறது?" என்றார்.

"பனிப்பாறையால ஏற முடியாத மேட்டுல எங்கப்பா ஏறினாருன்னு எழுதுடா, வெர்ன்," என்றாள் இர்மா.