பதினொரு நிமிஷ ஆட்டம்

எங்கள் மெஹ்ரூத் நகராட்சிக் கால்பந்து அணிக்கு அந்த வருஷம் பயிற்சியாளராக வந்த பர்தியா தங்கமான மனிதர். அவர்மேல் ஒரு குறையும் சொல்வதற்கில்லை, ஒன்றைத் தவிர. யாராவது வேண்டாம் என்று சொன்னால், வேண்டாம் என்றே எடுத்துக்கொள்வார். இரண்டு வயதில் அப்பா அம்மாவோடு சுவீடனுக்குப் போய் அங்கேயே வளர்ந்து, முப்பத்தைந்து வயதில் பிறந்த ஊரைப் பார்க்க வந்தவர். பாரசீகம் பேசுவார், ஆனால் முதல் வகுப்புப் பிள்ளை படி ஏறுவதுபோல ஒவ்வொரு சொல்லாகக் கால் வைத்துப் பேசுவார். ஆட்டக்காரர்கள் அவரை மிஸ்டர் என்று கூப்பிட்டார்கள்.

எங்கள் ஊரில் ஒருவரிடம் தேநீர் சாப்பிடுகிறீர்களா என்று கேட்டால் முதலில் வேண்டாம் என்பார். இரண்டாம் தடவை கேட்டால் உங்களுக்கு எதற்குச் சிரமம் என்பார். மூன்றாம் தடவை கேட்டால்தான் கை கோப்பைக்கு நீளும். தொட்டில் குழந்தைக்குக்கூடத் தெரிந்த சங்கதி இது. மிஸ்டருக்குத் தெரியாது. அவர் வீட்டுக்கு விருந்தாளியாகப் போனவர்கள் எல்லோரும் பசியோடு திரும்பி வந்தார்கள். வந்து, வெளியே சொல்லவும் முடியாமல் தவித்தார்கள்.

அதெல்லாம் சிரித்துவிட்டுப் போகிற விஷயம். இஸ்கந்தர் விஷயத்தில்தான் அது வினையாகிவிட்டது.

இஸ்கந்தருக்கு முப்பத்தெட்டு வயது. காலையில் நகராட்சித் தண்ணீர் லாரி ஓட்டிச் சாலை நடுவிலிருக்கும் பூச்செடிகளுக்குத் தண்ணீர் விடுவான். சாயங்காலம் மைதானத்தின் இடது ஓரத்தில் ஓடுவான். பத்தொன்பது வருஷமாக இதே ஓட்டம்தான். இலையுதிர் காலத்தில் முழங்கால் பிய்ந்து ஏழு மாதம் வெளியே உட்கார்ந்தான். வைத்தியர், ஒரே ஒரு ஆட்டம் ஆடிக்கொள், அதோடு விட்டுவிடு என்று சொல்லிவிட்டார். வெள்ளிக்கிழமை நடக்கவிருந்தது பருவத்தின் கடைசி ஆட்டம், அதுவும் எங்கள் மைதானத்தில். ஜெயித்தாலும் தோற்றாலும் மூன்றாம் பிரிவு அட்டவணையில் எங்களுக்கு ஒன்பதாம் இடம்தான், யாருக்கும் அதில் பெரிய அக்கறை கிடையாது. இஸ்கந்தருக்கு மட்டும் இருந்தது. அந்தப் புல்லில் இன்னும் ஒரு தடவை ஓட வேண்டும், அவ்வளவுதான் அவன் கேட்டது. கேட்டது என்று சொல்வதும் தப்பு, மனசுக்குள் வைத்திருந்தான்.

புதன்கிழமை பயிற்சி முடிந்து எல்லோரும் போன பிறகு, உடை மாற்றும் அறையில் ஜப்பார் தேநீர் ஊற்றிக்கொண்டிருந்தார். அணியின் சட்டை துவைப்பது, பந்துக்குக் காற்றடிப்பது, கால் பிடித்துவிடுவது எல்லாம் ஜப்பார்தான். மிஸ்டர் குறிப்பேட்டோடு நேரே வந்து இஸ்கந்தர் முன்னால் நின்றார்.

"இஸ்கந்தர், வெள்ளிக்கிழமை ஆடுறீங்களா? ஆரம்பத்துலேருந்தே?"

இஸ்கந்தர் காத்திருந்தது இந்தக் கேள்விக்குத்தான். நாக்கு மட்டும் பழகின பாதையிலேயே போனது. கையை மார்பில் வைத்து, தலையைத் தாழ்த்தி, "ஐயோ மிஸ்டர், நான் எம்மாத்திரம்! என் காலமெல்லாம் போச்சு. பெஹ்ராத் இருக்கான், சின்னப் பையன், காத்தா பறக்குறான். அவன் ஆடட்டும்," என்றான். தாழ்த்திய தலையை நிமிர்த்தாமல் இரண்டாவது தடவை கேட்பதற்காகக் காத்திருந்தான்.

"சரி," என்றார் மிஸ்டர். "உங்க முடிவை மதிக்கிறேன்." கை குலுக்கினார். குறிப்பேட்டில் ஏதோ எழுதினார். போய்விட்டார்.

ஜப்பார் ஊற்றிய தேநீர் கோப்பை தாண்டித் தட்டில் வழிந்தது. "அடப்பாவி, போயிட்டாரே!"

"திரும்பி வருவாரு," என்றான் இஸ்கந்தர். "பையை எடுக்க வருவாரு."

"பை அவர் தோள்ல இருக்குப்பா."

வீட்டில் ஷஹ்லா அவரைக்காயும் முட்டையும் பூண்டும் போட்டுச் சமைத்துக்கொண்டிருந்தாள். கதையைக் கேட்டதும் கரண்டியை வைத்துவிட்டுப் புருஷன் பக்கம் திரும்பினாள்.

"நாளைக்குக் காலையில போய்ச் சொல்லு. உபசாரத்துக்குத்தான் வேணாம்னேன், எனக்கு ஆடணும்னு சொல்லு."

"உபசாரத்தை உபசாரம்னு வாயால சொல்லிட்டா அப்புறம் அதுக்கு என்ன மரியாதை?"

"அப்ப மரியாதையோட வீட்டுல உக்காரு."

"நீ போய்ச் சொல்லிடாத, ஷஹ்லா. ஜப்பார்கிட்டயும் சத்தியம் வாங்கிட்டேன். வாய்விட்டுக் கேட்டு வாங்குற இடத்துல நின்னா எனக்குக் கால் ஓடாது."

"சொல்லமாட்டேன். ஆனா உன்னைப் பாத்தா எனக்கு அழுகையா வருது. நாலு சாத்து சாத்தணும்னும் தோணுது," என்று சொல்லிவிட்டு அவன் தட்டில் சோற்றை வைத்தாள். மூன்று தடவை கேட்காமலே வைத்தாள்.

வியாழக்கிழமை இஸ்கந்தரின் லாரி மிஸ்டர் குடியிருந்த தெரு வழியாக நான்கு முறை போனது. முந்தின நாள்தான் மழை பெய்திருந்தது. ஆரஞ்சு மரங்கள் பூத்த சமயம். ஊர் முழுக்க அந்த வாசனை, நடந்து போகிறவனைக்கூடப் பாதித் தூக்கத்தில் வைத்திருக்கும். இஸ்கந்தர் அந்த மயக்கத்திலேயே நனைந்த செடிகளுக்கு மறுபடி மறுபடி தண்ணீர் விட்டுக்கொண்டிருந்தான். நான்காம் முறை மாடி ஜன்னல் திறந்தது.

"இஸ்கந்தர்! பூவெல்லாம் முங்குது! உங்களுக்கு ஏதாவது வேணுமா?"

பாருங்கள், கடவுளே இறங்கி வந்து ஜன்னலைத் திறந்துவிட்ட மாதிரி இருந்தது. இவன் என்ன சொன்னான் தெரியுமா? "ஒண்ணும் வேணாம் மிஸ்டர். நீங்க நல்லா இருந்தா அதுவே போதும்."

"ரொம்ப நன்றி," என்று மிஸ்டர் ஜன்னலைச் சாத்திக்கொண்டார்.

வெள்ளிக்கிழமை மதியம் மூன்று மணிக்கு ஆட்டம். எதிரணி மலைமேல் ஊரிலிருந்து பழைய பேருந்தில் வந்து இறங்கியது. மாற்று ஆட்கள் குறைவு என்பதால் இஸ்கந்தரின் பெயரும் பட்டியலின் கடைசியில் இருந்தது. ஆட்ட உடையைப் போட்டுக்கொண்டு, மேலே கம்பளிச் சட்டையும் போட்டுக்கொண்டு, பெஞ்சின் ஓரத்தில் உட்கார்ந்தான்.

முதல் பாதியிலேயே கடல் பக்கமிருந்து மூடுபனி வந்துவிட்டது. எங்கள் ஊருக்கு அது புதிதல்ல. வயல் தாண்டி, ரயில் பாதை தாண்டி, மதிலில் ஏறி மெதுவாக உள்ளே இறங்கும். முதலில் தூரத்துக் கோல்கம்பம் போனது. பிறகு கூட்டத்தின் பாதி போனது. சத்தம் மட்டும் மிச்சமிருந்தது. பந்து ஆளில்லாமல் உருண்டு வந்து நிற்கும். அதன் பின்னால் ஒரு கால் வரும், அப்புறம்தான் மனிதன் வருவான். யாரோ கோல் என்று கத்தினார்கள். யார் போட்டது, எந்தப் பக்கம் என்று தெரிய ஒரு நிமிஷம் ஆனது. பிற்பாடு இன்னொன்றும் விழுந்தது, ஆளுக்கு ஒன்று.

இஸ்கந்தருக்கு அது ஒரு விதத்தில் சௌகரியமாக இருந்தது. வெள்ளைக்குள் எதை வேண்டுமானாலும் பார்க்கலாம் இல்லையா? இடது ஓரத்தில் தன் முதுகே ஓடுவதைப் பார்த்தான். முழங்கால் வலிக்கவில்லை, மூச்சு வாங்கவில்லை. பத்தொன்பது வருஷத்தில் கூட ஆடிய எல்லோரும், ஊரைவிட்டுப் போனவர்கள், உலகத்தைவிட்டுப் போனவர்கள், ஒவ்வொருவராகப் பனிக்குள்ளிருந்து வந்து பந்தைத் தட்டிவிட்டு மறுபடி பனிக்குள் போனார்கள். எவ்வளவு நேரம் அப்படி உட்கார்ந்திருந்தான் என்று அவனுக்கே தெரியாது. ஜப்பார் முதுகில் தட்டினார்.

பெஹ்ராத் தரையில் கிடந்தான். கால் பிடித்துக்கொண்டுவிட்டது. ஆட்டத்தில் எழுபத்தொன்பதாவது நிமிஷம். மிஸ்டர் பெஞ்சுப் பக்கம் வந்தார். முகத்தில் சங்கடம்.

"இஸ்கந்தர், மன்னிச்சுக்கங்க. நீங்க வேணாம்னு சொன்னது ஞாபகம் இருக்கு. ஆனா இப்ப கேக்குறேன். வர்றீங்களா?"

நான் எம்மாத்திரம் என்பது தொண்டை வரை வந்துவிட்டது. கை தானாகவே மார்புக்குப் போனது. இஸ்கந்தர் பல்லைக் கடித்தான்.

"வர்றேன்," என்றான். முதல் கேள்விக்கே. சொன்ன மாத்திரத்தில் காது மடல் சூடாகிவிட்டது, யார் வீட்டுப் பழத்தட்டிலோ கேட்காமல் கைவிட்டவன் போல. ஆனாலும் சொல்லிவிட்டான். கம்பளிச் சட்டையைக் கழற்றிக் கோட்டோரம் போய் நின்றான்.

நடுவர் விசிலை ஊதினார். மாற்றுக்குத்தான் என்று இஸ்கந்தர் ஒரு காலை எடுத்து வைத்தான். நடுவர் இரண்டு கைகளையும் ஆட்டினார். மைதான நடுவிலிருந்து பார்த்தால் இரண்டு கோல்களும் தெரியவில்லை, இனி ஆட முடியாது. மிச்சமிருக்கும் பதினொரு நிமிஷத்தை நாளைக் காலை பத்து மணிக்கு ஆடிக்கொள்ளலாம் என்றார். எடுத்து வைத்த காலை இஸ்கந்தர் பின்னால் எடுத்துக்கொண்டான்.

மலைமேல் ஊர்க்காரர்களை இரவு தங்கச் சொன்னோம். வேண்டாம் என்றார்கள், உங்களுக்கு எதற்குத் தொல்லை என்றார்கள், மூன்றாம் தடவை தங்கினார்கள். இஸ்கந்தர் வீட்டுக்குப் போய் ஷஹ்லாவிடம், "கேட்டாரு. வர்றேன்னு சொல்லிட்டேன். மூடுபனி வந்து கெடுத்துருச்சு," என்றான். அவள் பக்கத்தில் வந்து உட்கார்ந்து அவன் முழங்காலைப் பிடித்துவிட்டாள்.

சனிக்கிழமை வானம் துடைத்து வைத்ததுபோல இருந்தது. எங்கள் ஊரில் வெள்ளிக்குத்தான் விடுமுறை, சனி வேலை நாள், கூட்டம் கிடையாது. பார்வையாளர் கொட்டகையில் எண்ணி ஏழு பேர். பெண்களை மைதானத்துக்குள் விடுவதில்லை என்பதால், ஷஹ்லா வழக்கம்போல மதிலுக்கு வெளியே லாரியின் மேல் ஏறி நின்றாள். அவ்வளவு வெளிச்சத்தில், அவ்வளவு அமைதியில், இருபத்திரண்டு பேர் பதினொரு நிமிஷம் ஆடக் கூடியிருந்ததைப் பார்த்தால் கனவு இன்னும் முடியவில்லையோ என்றுதான் எண்ணத் தோன்றும்.

பெஹ்ராத் கோட்டோரம் குதித்துக்கொண்டிருந்தான். கால் சரியாகிவிட்டது. இஸ்கந்தர் அதைப் பார்த்தான். பார்த்ததும், பாழாய்ப்போன நாக்கு, மறுபடி கிளம்பிவிட்டது.

"மிஸ்டர், பையனுக்குத்தான் சரியாயிடுச்சே. அவனே ஆடட்டும். நான் எதுக்கு நடுவுல?"

"ஐயோ, இல்ல இல்ல," என்றான் பெஹ்ராத். "பெரியவர் நீங்க இருக்கும்போது நான் போறதா? நீங்க போங்க."

"உன் தலைமேல ஆணை, நீ போ."

"என் கண்ணுமேல கால் வச்சுப் போங்க, நான் போகமாட்டேன்."

நடுவர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார். மலைமேல் ஊர்க்காரர்கள் பொறுமையாக நின்றார்கள். அவர்களுக்கு இது புரியும். மிஸ்டர் மட்டும் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தார்.

"இஸ்கந்தர்," என்றார். "நேத்து நான் கேட்டேன். நீங்க வர்றேன்னு சொன்னீங்க. அப்பவே உங்க பேரை எழுதி நடுவர்கிட்ட குடுத்துட்டேன்." அடுத்த வாக்கியத்தைச் சொல் சொல்லாக அடுக்கினார். "இன்னைக்கு நான் யாரையும் கேக்கலையே."

இஸ்கந்தர் வாயைத் திறந்தான். கேள்வியே இல்லாதபோது எதற்கு வேண்டாம் என்பது? எந்த மனிதர் சொன்னதைச் சொன்னபடி எடுத்துக்கொண்டு மூன்று நாளாக அவனைச் சாகடித்தாரோ, அதே மனிதர் அவன் சொன்ன ஒரே ஒரு ஆமாவைப் பத்திரமாக வைத்திருந்து எடுத்துக் கொடுத்தார். அவனுக்குக் கண் நிறைந்துவிட்டது. துடைத்துக்கொண்டே உள்ளே ஓடினான்.

புல் ஈரமாக இருந்தது. முழங்கால் வலித்தது, கனவில் வலிக்காதது இங்கே வலித்தது. முதல் நான்கு நிமிஷம் பந்து அவன் பக்கம் வரவே இல்லை. இஸ்கந்தர் ஒருநாளும் பந்தைக் கேட்டு வாங்கியவன் கிடையாது. இடது ஓரத்தில் ஓடி, கையை இடுப்பளவுக்கு உயர்த்தி, பார்த்தால் கொடுங்கள் என்று நிற்பான். பார்த்தவர்கள் கொடுத்தார்கள், பார்க்காதவர்கள் கொடுக்கவில்லை. பத்தொன்பது வருஷம் அப்படியே போயிற்று. ஐந்தாவது நிமிஷமும் போயிற்று. ஆறாவது நிமிஷத்தில் நடு ஆட்டக்காரன் பந்தோடு நிமிர்ந்து வலது பக்கம் பார்த்தான். இடது பக்கம் முழுக்கக் காலி. இஸ்கந்தரின் கை இடுப்பளவுக்கு எழுந்தது.

"எனக்கு!" என்று ஒரு குரல் கேட்டது. "டேய், எனக்குக் குடு! எனக்கு வேணும்!"

காலி மைதானம், சத்தம் நான்கு பக்கமும் மோதித் திரும்பி வந்தது. எங்கள் ஆட்கள் பத்துப் பேரும் திரும்பிப் பார்த்தார்கள். எதிரணித் தடுப்பாட்டக்காரன்கூட ஒரு கணம் நின்றுவிட்டான். பந்து வந்தது. இஸ்கந்தர் அதை ஒரு தட்டுத் தட்டி, பலம் கொண்ட மட்டும் கோலுக்கு அடித்தான். கோல்காவலன் விரல் நுனியால் கம்பத்துக்கு மேலே தள்ளிவிட்டான்.

மதிலுக்கு வெளியே லாரியின் மேலிருந்து ஷஹ்லா கத்தினாள். "யாரு அது, அப்படிக் கத்தினது?"

"நான்தான்!" என்று இஸ்கந்தர் பதிலுக்குக் கத்தினான். அவன் அழுகிறானா சிரிக்கிறானா என்று ஜப்பாருக்குச் சொல்லத் தெரியவில்லை. கார்னர் உதைக்கு ஆள் பந்தை வைத்துவிட்டான். இன்னும் நான்கு நிமிஷத்துக்கு மேல் இருந்தது. இஸ்கந்தர் இரண்டு கைகளையும் தலைக்கு மேலே தூக்கிக்கொண்டு, "எனக்கு! எனக்கு!" என்று கோலை நோக்கி நொண்டி நொண்டி ஓடினான்.