தயாரித்தவர் பெயர் இல்லாத ஃபைல்

கம்ப்யூட்டர்களுக்குப் பாதுகாப்பு மென்பொருள் தயாரிக்கும் அலுவலகத்தில் அவளுக்கு வேலை. பல புரோகிராம்கள் பொதுவாக எடுத்துப் பயன்படுத்தும் லைப்ரரி ஃபைல்களை ஒவ்வொன்றாகப் பார்த்து, நல்லது, கெட்டது, தெரியவில்லை என்று பிரிக்க வேண்டும். அவள் 'கெட்டது' என்று போட்டுவிட்டால், அந்த மென்பொருள் இருக்கிற கம்ப்யூட்டர்களில் எல்லாம் அந்த ஃபைல் உடனே முடங்கிவிடும்.

அன்று காலை ஒன்று வந்தது. தயாரித்தவர் பெயர் இல்லை. ஃபைலின் பெயரோ, சிஸ்டத்தின் சொந்த ஃபைல் ஒன்றிலிருந்து ஒரே ஓர் எழுத்துதான் மாறியிருந்தது. திருட்டு ஃபைல்கள் வழக்கமாகப் போடும் வேஷம். அவள் அதிகம் யோசிக்கவில்லை. கெட்டது.

பதினொன்றரைக்கு அக்கா கூப்பிட்டாள். ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் இருப்பவள். வேலை நேரத்தில் கூப்பிடவே மாட்டாள்.

"ஏய், எங்க மெஷின் திடீர்னு படுத்துடுச்சுடி. ஏதோ ஃபைல் காணோம்னு சொல்லுது. வெளியே இருபது பேர் உக்காந்திருக்காங்க. ஒரு குழந்தையோட ரத்தம் வேற அவசரம்னு வந்திருக்கு. டாக்டர் ரெண்டு தடவை போன் பண்ணிட்டார்."

"ஃபைல் பேரு என்னக்கா?"

அக்கா எழுத்தெழுத்தாக வாசித்தாள். பாதியிலேயே இவளுக்குப் புரிந்துவிட்டது, காலையில் 'கெட்டது' என்று போட்ட அதே ஃபைல்.

"என்னடி, லைன்ல இருக்கியா?"

"இருக்கேன். அந்தக் குழந்தையோட ரத்தத்தை வேற லேபுக்கு அனுப்பிடு."

"அப்பவே அனுப்பிட்டேன். போய்ச் சேரவே முக்கால் மணி நேரம் ஆகும்."

மேலாளரின் மேசைக்குப் போனாள். எதற்கெடுத்தாலும் பறப்பதால் எல்லோரும் அவரை முதுகுக்குப் பின்னால் 'அவசரம்' என்றுதான் சொல்வார்கள். இன்று அவர் நாற்காலியில் அசையாமல் உட்கார்ந்து கேட்டார்.

"தப்பா போட்டுட்டேன்னு நினைக்கிறேன் சார்."

"நினைக்கிறியா, தெரியுமா?"

அவள் அக்காவிடமிருந்து வந்த போனைப் பற்றிச் சொன்னாள்.

"உங்க அக்கா கஷ்டப்படறாங்கன்னு திறந்து விட்டு, நிஜமாவே அது கெட்டதா இருந்தா? ஆதாரம் கொண்டா. உடனே மாத்தறேன்."

அவள் ஃபைலைப் பிரித்துப் பார்த்தாள். கேபிள் வழியாக வரும் எண்களை வாங்கித் திரைக்கு அனுப்புவதைத் தவிர அது வேறொன்றும் செய்யவில்லை. வெளியே எதையும் அனுப்பவில்லை. அதைப் பயன்படுத்தும் புரோகிராமும் ஒன்றே ஒன்றுதான், ரத்த மெஷினுடையது. அப்படியானால் அந்தப் பெயர் எதற்கு?

மெஷின் தயாரித்த கம்பெனிக்குப் போன் போட்டாள். எட்டு நிமிடம் பாட்டுக் கேட்டபிறகு ஒரு பொறியாளர் வந்தார்.

"அந்த ஃபைலா? நான் எழுதினதுதாங்க."

"ஏன் சார் சிஸ்டம் ஃபைல் மாதிரியே பேரு வச்சீங்க?"

"அன்னைக்கு வேற பேரு தோணலைங்க."

சிரிப்பதா அழுவதா என்று அவளுக்குத் தெரியவில்லை. அவர் தன்னிடமிருந்த அசல் ஃபைலின் அடையாள எண்ணை அனுப்பினார். எழுத்தும் இலக்கமும் கலந்த நீளமான எண்; ஃபைலில் எதை மாற்றினாலும் இதுவும் மாறிவிடும். விரலை வைத்துக்கொண்டு இரண்டு முறை ஒப்பிட்டாள். ஓர் எழுத்துகூடப் பிசகவில்லை.

மேலாளர் அந்த ஃபைலை 'நல்லது' என்று மாற்றினார். அதற்குள் தொண்ணூற்றுமூன்று லேப்களில் அந்த ஃபைல் முடங்கியிருந்தது.

ஒரு மணிக்கு அக்கா கூப்பிட்டாள். "ஓடுதுடி! நீ ஏதாவது பண்ணினியா?"

"குழந்தைக்கு என்னாச்சு?"

"ரிப்போர்ட் இப்பதான் வந்துச்சாம். பயப்பட ஒண்ணுமில்லைன்னு டாக்டரே சொல்லிட்டார்."

அவள் சுவரில் சாய்ந்துகொண்டாள். "அக்கா, அந்த ஃபைலை முடக்கினதே நான்தான்."

"அப்போ இருபது பேர்கிட்ட நான் வாங்கின திட்டெல்லாம் உனக்கு வர வேண்டியது."

"ஆமாக்கா."

"சாயங்காலம் வீட்டுக்கு வா. ஒண்ணு விடாம திருப்பித் தரேன்."

போனை வைத்தாள். அன்று காலை அவள் 'கெட்டது' என்று போட்டவை இன்னும் பதினாறு இருந்தன. அவற்றால் எங்கே, யாருடைய மெஷின் நின்றிருக்கிறதோ. அவள் சாப்பிடப் போகாமல் முதலாவதைத் திறந்தாள்.