கூப்பிடும் இயந்திரம்

என் தங்கை கமலவேணி பதினொரு வருடக் குடித்தனத்தில் ஒரு நாளும் புருஷன் பெயரைச் சொன்னதில்லை. ரேஷன் அட்டைக்குப் பெயர் எழுத வந்தவன் கேட்டபோதுகூடப் பக்கத்து வீட்டு மீனாச்சியைக் கூப்பிட்டுச் சொல்லவைத்தாள். சொன்னால் அவருக்கு ஆயுசு குறையுமாம். இதையெல்லாம் கேட்டால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். ஆனால் யோசிக்க வேண்டிய அன்றைக்கு நான் அதை யோசிக்கவில்லை. கம்பியையும் வால்வையும் மட்டுமே யோசித்தேன். அந்தக் குற்றம் என்னுடையது.

அவள் புருஷன் சேதுராமனை, மலாய் நாட்டைப் பிடித்திருந்த ஜப்பான்காரன் சியாமுக்கு ரயில் பாதை போடப் பிடித்துக்கொண்டு போய் ஒரு வருடம் ஆகியிருந்தது. மூன்றே மாதம் என்று சொல்லித்தான் லாரியில் ஏற்றினார்கள். கடுதாசி ஒன்றும் வரவில்லை. தப்பி வந்த ஒருவன், அங்கே காலராவில் ஆட்கள் கொத்துக் கொத்தாகச் சாகிறார்கள் என்றான். அதைக் கேட்டதிலிருந்து கமலவேணிக்குச் சோறும் இறங்கவில்லை, தூக்கமும் இல்லை. வேகவைத்த மரவள்ளிக்கிழங்கு தட்டிலேயே ஆறிக் கிடக்கும். இப்படியே போனால் இவளும் போய்விடுவாள் என்று எனக்குப் பயம் வந்துவிட்டது.

நான் ரேடியோ ரிப்பேர்க்காரன், பெயர் பொன்னுதுரை. காஜா பேராங் சடக்கு ஓரத்தில் ஜப்பான்காரர்கள் எடுத்துக்கொண்ட பங்களாவில், ஹிராதா என்ற இன்ஜினியரிடம் வேலை. அங்கே ஓர் அறை முழுக்கச் செம்புச் சுருள்கள். நடுவில் கதவில்லாத நிலை மாதிரி ஒரு சட்டம். நீளம், அகலம், உயரம் தவிர இன்னொரு பக்கமும் உண்டு, அந்தப் பக்கமாகப் போனால் தூரம் என்பதே கிடையாது என்று ஹிராதா அரைகுறை மலாயில் சொல்லுவார். கோலத்துக்குள் அகப்பட்ட எறும்பு கோட்டைச் சுற்றிச் சுற்றி வரும், நாம் தாண்டிவிடுகிறோம். எனக்கு அப்படித்தான் புரிந்தது.

அந்தப் பக்கத்துக்கு உயிர்தான் வழி. கல்லும் இரும்பும் போகாது. சில மைல் தள்ளிக் கிளேபாங் கடற்கரையில் விட்டுவந்த வாத்துக்குஞ்சு, இங்கே தாய் வாத்து கத்தியதும் சட்டத்துக்குள்ளிருந்து நனைந்தபடி வந்து விழுந்ததை என் கண்ணால் பார்த்தேன். நானும் தொண்டை கிழியக் கூப்பிட்டுப் பார்த்தேன். எனக்கு ஒன்றும் வரவில்லை. பந்தமுள்ள குரலுக்குத்தான் வரும்.

ஜப்பான் சக்கரவர்த்தியின் பிறந்த நாள் வந்தது. ஹிராதாவிலிருந்து காவல்காரன் வரை எல்லாரும் பாடாங் மைதானத்தில் கூடி வணங்கப் போய்விட்டார்கள். பகல் பதினொரு மணிக்குக் கமலவேணியைப் பின்பக்கத் தோட்டம் வழியாகக் கூட்டிக்கொண்டு போனேன். பிடிபட்டிருந்தால் இரண்டு பேர் தலையும் போயிருக்கும்.

"சட்டத்துல இருக்கிற இந்தச் செம்புப் புடிய ஒரு கையால புடிச்சுக்க, விடாத. அவரக் கூப்பிடு. கை தெரிஞ்சா புடிச்சு இழு."

விசையைப் போட்டேன். சட்டத்துக்குள் தெரிந்த சுவர் மறைந்தது. மூங்கில் எரியும் புகையும் அழுகிய சேற்று வாடையும் அறைக்குள் வந்தன.

"என்னங்க..." என்றாள்.

"பேரச் சொல்லு கமலா!"

உதடு அசைந்தது. சத்தம் வரவில்லை. "எப்படிண்ணே சொல்லுவேன், அவருக்கு எதுவும் ஆயிடுச்சுன்னா?" என்றாள். பிறகு இன்னும் பலமாக, "என்னங்க! இங்க பாருங்க!"

ஒரு கை வந்தது. அதன் பின்னால் இன்னொன்று. அப்புறம் எண்ணி மாளவில்லை. எல்லாம் சேறும் புண்ணும் எலும்புமான கைகள். சியாமில் கிடந்த ஒவ்வொரு தமிழனையும் வீட்டில் அப்படித்தானே கூப்பிட்டிருப்பார்கள்! அது அப்போதுதான் என் மண்டையில் உறைத்தது.

நான் கத்துவதற்குள் அவள் ஒரு கையைப் பற்றி இழுத்துவிட்டாள். வந்து விழுந்தவன் சிகாமட் ரப்பர் தோட்டத்து ஆள்; கலியாணசுந்தரம் என்று பிறகு தெரிந்தது. அவன் அவளை அண்ணாந்து பார்த்தான்.

"என் பொண்டாட்டி கொரலுதான் கேட்டுச்சு. அவ எங்க?"

கமலவேணி அலறினாள். அந்த அலறலோடு பெயரும் வெளியே வந்தது. "சேதுராமன்! சேதுராமன்!"

"இதோ வந்துட்டேன் கமலா!"

குரல் கிட்டத்தில் கேட்டது. மற்றக் கைகள் எல்லாம் தொங்கிப்போய் விலகின. பெருவிரல் வளைந்த அவருடைய கை மட்டும் நீண்டு வந்தது. அவள் விரல் நுனி அதில் பட்டதை நான் பார்த்தேன். ஓர் ஆளை இழுத்த பாரத்திலேயே பழுக்கக் காய்ந்திருந்த பெரிய வால்வு அந்த நேரத்தில் வெடித்தது. சட்டத்துக்குள் வெறும் சுவர் நின்றது.

கலியாணசுந்தரத்தை ஒளித்துவைத்து ஊருக்கு அனுப்பினோம். வேறு வால்வு கிடைக்காமல் ஹிராதா இயந்திரத்தைப் பிரித்துக்கொண்டு போனார். சண்டை முடிந்ததும் சியாமிலிருந்து திரும்பிய தெங்கேரா ஊர்க்காரன் ஜெயபாலன் எங்களைத் தேடி வந்தான். அந்தச் சக்கரவர்த்தி பிறந்த நாள் அன்றைக்குச் சேதுராமன் அவன் பக்கத்தில் மண் வெட்டிக்கொண்டிருந்தாராம். திடீரென்று "வந்துட்டேன்" என்று மண்வெட்டியைப் போட்டுவிட்டு ஓடினாராம். நாலாவது அடியில் ஆளைக் காணோமாம்.

அங்கிருந்து புறப்பட்டுவிட்டார். இங்கே வந்து சேரவில்லை. தூரமே இல்லாத அந்தப் பக்கத்தில் அகப்பட்டுக்கொண்டார்.

ஜெயபாலன் போனதும் கமலவேணி அடுப்படியில் நின்று பெயரைச் சொல்லிக் கூப்பிட்டாள். "இதோ வந்துட்டேன்" என்று அவர் குரல் கேட்டது. அதன் பிறகு ஒரு நாளைக்குப் பத்துத் தடவை கூப்பிட்டாள். பத்துத் தடவையும் பதில் வந்தது. மூன்று மாதம் கழித்துத் திடீரென்று நிறுத்திவிட்டாள். எனக்குக் கோபம் வந்தது.

"ஏன் நிறுத்திட்ட? என்னிக்காவது வந்துட மாட்டாரா?"

"வேணாண்ணே. கூப்பிட்டா ஓடி வர்றாரு. மூச்சு வாங்குறது கேக்குது. வந்து சேர வழியில்லாதவர எதுக்கு ஓடவிடணும்?"

அவள் பெயர் சொல்லமாட்டாள் என்பதை யோசிக்காமல் அந்த வழியை அடைத்தவன் நான்தானே.

இப்போது சில மத்தியானங்களில் அவர்தான் கூப்பிடுகிறார். "கமலா, கூப்பிட்டியா?" அவள் முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள்.