ஜாமீன் ரத்தான பிறகு

1

இந்தக் கதையை எழுத எனக்கு உரிமை இல்லை. இதில் வரும் ஒரு வசனம் நான் சொன்னது.

1979. நான் கோர்ட்டில் டைப்பிஸ்ட். ஒரகடம் பக்கத்துக் கல்குவாரியில் வேலை பார்த்த அமிர்தநாதனை, வரப்புத் தகராறில் பரசுராமன் வெட்டிக் கொன்றான். பார்த்தது ஒருத்திதான்: அடுத்த கழனியில் நாற்று நட்டுக்கொண்டிருந்த கனகம். மூன்றே மாதத்தில் பரசுராமன் ஜாமீனில் வெளியே வந்தான். தினமும் காலையில் போலீஸ் ஸ்டேஷனில் கையெழுத்துப் போட வேண்டும் என்பது நிபந்தனை.

2

"கண்ணீர் வழிய அந்தோணிமேரி கோர்ட் படியேறி—"

(இந்த வரியை அடித்துவிட்டேன். அவள் அழவில்லை.)

அமிர்தநாதனின் மனைவி அந்தோணிமேரி, கனகத்தையும் கூட்டிக்கொண்டு படப்பையில் பஸ் பிடித்து வந்திருந்தாள்.

"சார், அவன் டெய்லி இவ வூட்டாண்ட வந்து நின்னுகினு கீறான். சாட்சி சொன்னா வெட்டுவேன்றான். மறுபடி உள்ள வைக்கச் சொல்லுங்க சார்."

கனகம் ஒன்றுதான் பேசினாள்: "எனக்கு ரெண்டு பொட்டப் புள்ளைங்க கீதுங்க சார்."

வக்கீல்கள் பேசக் கேட்டுக் கேட்டு, எனக்கும் சட்டம் தெரியும் என்ற நினைப்பு.

"பயமாயிருக்குன்னா ஜாமீன ரத்து பண்ண மாட்டாங்கம்மா. ஏதாவது நடந்தா வாங்க."

(சாட்சியை மிரட்டினாலே ரத்து கேட்டு மனுப் போடலாம் என்று பிறகுதான் தெரிந்துகொண்டேன். ஒரு பிரதியில் இந்த வசனத்தை வேறொரு குமாஸ்தாவின் வாயில் வைத்தேன். அவனுக்குக் கச்சிதமாகப் பொருந்தியது. அதனால்தான் கிழித்தேன்.)

3

அவர்கள் வந்துபோன பத்தொன்பதாம் நாள், பரசுராமன் ஸ்டேஷனில் கையெழுத்துப் போட்டுவிட்டு நேராகக் கிணற்றடிக்குப் போய்க் கனகத்தை வெட்டிக் கொன்றான். தண்ணீர் சேந்திக்கொண்டிருந்த அந்தோணிமேரி எல்லாவற்றையும் பார்த்தாள்.

ரத்து மனு விசாரணைக்கு வந்தது. அவன் வக்கீல் எழுந்து, "என் கட்சிக்காரர் ஒருநாள்கூடக் கையெழுத்துத் தவறவில்லை" என்றார். ஜாமீன் ரத்தானது. உத்தரவை நான்தான் அடித்தேன். பத்து நிமிஷ வேலை.

4

எழுதிப் பார்த்த முடிவுகள்:

(அ) பரசுராமனுக்கு ஆயுள் தண்டனை. பத்திரிகைகளுக்குப் பிடிக்கும்.

(ஆ) அந்தோணிமேரி என்னை அறைகிறாள். எனக்குப் பிடிக்கும்.

நடந்தது இது. உத்தரவு அடித்த அன்று மதியம் அவள் என் மேஜைக்கு வந்தாள்.

"இப்ப பார்த்தவ நான் ஒருத்திதான். ஆறு மாசத்துல மறுபடி ஜாமீன் கேப்பான்னு கவருமெண்டு வக்கீல் சொல்றாரு. நான் சாட்சி சொல்லட்டுமா, வேணாமா சார்?"

என் பதிலை இங்கே எழுதப்போவதில்லை. ஒருமுறை சொல்லிப் பார்த்தாயிற்று. அவள் மேஜையருகே நிற்கிறாள். நீங்கள் சொல்லுங்கள்.