மழைக்கு ஒதுங்கிய படகு

சாக்போவின் நாலு சட்டைகளையும் ஒரு கால்சட்டையையும் மூட்டையாகக் கட்டி, குடிதண்ணீர் எடுத்து வந்து விற்கக் கலாவித் துறைக்குப் போகிற தண்ணீர்க்காரியின் படகில் அப்லாவா தூக்கிப் போட்டு, அன்றோடு பதினோரு நாள் ஆகியிருந்தது.

"இது என்னன்னு அவரு கேட்டா நான் என்ன சொல்ல?" என்று தண்ணீர்க்காரி கேட்டாள்.

"கேக்கமாட்டாரு."

அவன் கேட்கவும் இல்லை. அதுதான் அவளுக்கு இன்னும் எரிச்சலாக இருந்தது. சண்டைக்காவது ஒரு முறை வந்து நின்றிருக்கலாம்.

சாக்போ கலாவித் துறையில் வெள்ளைக்காரர்களைப் படகில் ஏற்றிக்கொண்டு வந்து, ஏரிக்கு நடுவே கம்பங்களின் மேல் நிற்கும் எங்கள் கான்வியே ஊரைச் சுற்றிக்காட்டுகிறவன். நன்றாகப் பேசுவான். சிரிக்க வைப்பான். ஆனால் நாலு மாதமாக ராத்திரி வீட்டில் தங்குவதில்லை. விடிந்ததும் விடியாததுமாக ஆட்கள் வந்துவிடுகிறார்கள், கரையிலேயே படுத்துக்கொள்கிறேன் என்றான். மாவும் மண்ணெண்ணெயும் தவறாமல் அனுப்பினான். இரண்டு பிள்ளைகளுக்கும் ரொட்டி அனுப்பினான். அவன் மட்டும் வரவில்லை.

அடுத்த வீட்டு மீன்காரிதான் வாயைத் திறந்தாள். "துறையில சோளமாவுல அகாசா அவிச்சு விக்கிறாளே ஒரு கைம்பொண்ணு, அவ கடைக்குப் பின்னாலதான் ஒன் வீட்டுக்காரரு பாயைப் போடுறாராம். எனக்கெதுக்கு வம்பு, காதுல விழுந்ததைச் சொன்னேன்."

அடுத்த முறை மாவு மூட்டையோடு வந்தவனை அப்லாவா நேருக்கு நேர் கேட்டாள். அவன் அவள் முகத்தைப் பார்க்காமல், "நீ என்ன வேணா நெனச்சுக்கோ" என்று சொல்லிவிட்டுப் படகைத் திருப்பிக்கொண்டு போனான். இல்லை என்று ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் அவள் நம்பியிருப்பாள். மறுநாள் சட்டைகள் மூட்டையாயின.

அந்த வியாழக்கிழமை மதியம் தெற்கே திடீரென்று கறுத்தது. காற்று வந்த வேகத்தில் மிதக்கும் சந்தையிலிருந்த பெண்கள் பெரிய ஓலைத்தொப்பிகளைப் பிடித்துக்கொண்டு ஆளுக்கொரு பக்கம் துடுப்புப் போட்டார்கள். அப்லாவா புகையில் வைத்திருந்த மீன்களை அள்ளி உள்ளே போட்டுவிட்டு நிமிர்ந்தபோது, ஒரு மோட்டார் படகு அலையில் குதித்துக் குதித்து நேராக அவள் வீட்டுக் கம்பத்தை நோக்கி வந்தது. ஓட்டிவந்தவன் சாக்போ. தார்ப்பாய்க்குக் கீழே ஒரு கிழவரும் கிழவியும் நனைந்த கோழிகள் மாதிரி ஒடுங்கி உட்கார்ந்திருந்தார்கள்.

வழக்கமாக அவன் ஆட்களை இறக்கும் அவனுடைய பெரியம்மா வீடு கால்வாயின் அந்தக் கோடியில் இருந்தது. அதுவரை போயிருந்தால் படகு கவிழ்ந்திருக்கும். வேறு வழியில்லாமல்தான் வந்திருக்கிறான் என்று அவளுக்குத் தெரிந்தது. கிழவிக்குக் கை கொடுத்து மேலே ஏற்றினாள். கிழவரையும் ஏற்றினாள். புருஷனுக்குக் கை கொடுக்கவில்லை.

விருந்தாளிகளுக்குப் பாய் விரித்து, துடைத்துக்கொள்ளத் துணி கொடுத்து, இஞ்சி போட்டுத் தண்ணீர் கொதிக்க வைத்தாள். மூத்த மகள் ஒதில், பள்ளிக்கூடத்துக்குப் போயிருந்தாள். மூன்று வயது வின்யோ மட்டும் அப்பாவைக் கண்ட சந்தோஷத்தில் அவன் காலைக் கட்டிக்கொண்டு தொங்கியது.

அவர்கள் பெல்ஜியத்திலிருந்து வந்த தம்பதி. கிழவருக்குக் காது மந்தம். காதில் மாட்டும் கருவி நனைந்துவிடக் கூடாதென்று கழற்றிப் பையில் வைத்திருந்தார். கூரையில் மழை வேறு கொட்டியது. அதனால் சாக்போ ஒவ்வொரு வார்த்தையையும் நிறுத்தி நிறுத்தி, கத்திப் பேச வேண்டியிருந்தது.

"இது யார் வீடு?" என்று கிழவி பிரெஞ்சில் கேட்டாள்.

"என் வீடு. இவ என் மனைவி."

"அவங்களுக்கு எங்க நன்றியைச் சொல்லுங்க."

சாக்போ தொண்டையைக் கனைத்துக்கொண்டு எங்கள் பேச்சில் சொன்னான். அப்லாவா அவனைப் பார்க்காமல் குழந்தையிடம் பதில் சொன்னாள்.

"வின்யோ, ஒங்கப்பாகிட்டக் கேளு. வழி மறக்காம வந்து சேந்துட்டாரா, இல்ல யாரையாவது விசாரிச்சு வந்தாரான்னு கேளு."

சாக்போ கிழவரின் பக்கம் திரும்பினான். "வாங்க, வாங்க, இதை உங்க வீடு மாதிரி நெனச்சுக்குங்கன்னு சொல்றா!"

அப்லாவா அடுப்பின் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டாள். சிரிப்பு வந்துவிட்டது. அவளுக்குப் பிரெஞ்சு புரியும் என்பது சாக்போவுக்குத் தெரியாது. யாருக்குமே தெரியாது. ஆறு வருஷமாக ஒதில் சாயங்காலங்களில் பாடத்தை உரக்கப் படிக்க, பக்கத்தில் மீன் கழுவிக்கொண்டே அவளும் உதட்டுக்குள் சொல்லிப் பார்ப்பாள். வேகமாகப் பேசினால் பிடிபடாது. இப்படி நிறுத்தி நிறுத்திப் பேசினால் ஒரு வார்த்தை தப்பாது.

"கரையில போய் வாழணும்னு அவங்களுக்கு ஆசை இல்லையா?" என்று கிழவி கேட்டாள். சாக்போ அதையும் எங்கள் பேச்சில் சொன்னான்.

"கரையில இருக்கிறவள்ட்டப் போய்க் கேக்கச் சொல்லு" என்றாள் அப்லாவா குழந்தையிடம். "ஆவி பறக்க அகாசா போடுவாளாம். பதிலும் சுடச்சுடச் சொல்லுவா."

"இந்த ஏரிதான் அவளுக்குத் தாய்வீடாம்!" என்று சாக்போ கத்தினான்.

கிழவி அவனையும் பார்த்தாள், அவளையும் பார்த்தாள். "தாய்வீட்டைப் பத்தி இவ்வளவு கோவமாவா பேசுவாங்க?" என்றாள்.

சாக்போ கிழவியிடம் இஞ்சித்தண்ணீர்க் கிண்ணத்தை நீட்டியபோது வின்யோ மெல்ல நழுவி வாசல் பலகைக்குப் போய்விட்டது. விளிம்பில் உட்கார்ந்து, மழை விழும் தண்ணீரில் கால் நனைக்கப் பார்த்தது. கான்வியேயில் எல்லாப் பிள்ளைகளும் செய்கிறதுதான். அப்லாவா "ஏய், உள்ள வா" என்று வாயைத் திறப்பதற்குள் சாக்போ பாய்ந்தான். கிண்ணம் உருண்டது. குழந்தையை அள்ளி மார்போடு இறுக்கிக்கொண்டு சுவரோரம் போய் உட்கார்ந்துவிட்டான். இறுக்கிய இறுக்கில் குழந்தை அழுதது. அவன் கைகள் வெடவெடவென்று நடுங்கின.

"அப்படி என்ன ஆச்சு இப்போ?" என்றாள் அப்லாவா, அவன் தலைக்கு மேலே இருந்த கூரையைப் பார்த்து.

கிழவி எழுந்து போய் அவன் பக்கத்தில் உட்கார்ந்தாள். நாற்பது வருஷம் ஆஸ்பத்திரியில் நர்ஸாக இருந்தவள் அவள். "எத்தனை நாளா இந்த நடுக்கம்?" என்று கேட்டாள்.

அவன் சொல்லியிருக்கவே மாட்டான். ஆனால் இரண்டு மணி நேரத்தில் ஊரைவிட்டே போய்விடுகிறவர்கள், அவனை இனி பார்க்கப்போவதில்லை. மனைவிக்கோ மொழி தெரியாது. கிழவரும் கையைக் காதுக்குக் குவித்துக்கொண்டு, "என்ன? என்ன சொல்றார்?" என்று குனிந்தார். அதனால் சாக்போ நாலு மாதமாக யாரிடமும் சொல்லாததை, வீடு முழுக்கக் கேட்கும்படி, ஒவ்வொரு வார்த்தையாகக் கத்திச் சொன்னான்.

"இந்தக் குழந்தை தண்ணியில விழுந்துட்டா. ஏரி பெருகியிருந்த சமயம். என் மனைவி சந்தைக்குப் போயிருந்தா. நான்தான் பாத்துக்கணும். நான் தூங்கிட்டேன். இதோ, இந்த எடத்துல படுத்துத் தூங்கிட்டேன். முழிச்சுப் பாத்தா சத்தமே இல்ல. போய்த் தேடினா, பலகைக்குக் கீழ, கம்பத்துக்குப் பக்கத்துல, முகம் குப்புறக் கெடந்தா. தலைகீழாப் பிடிச்சு முதுகுல தட்டினேன். அப்புறம்தான் இருமினா."

"அப்புறம்?" என்றாள் கிழவி.

"குழந்தை விழுந்துச்சு, தூக்கிட்டேன்னு மனைவிகிட்டச் சிரிச்சுக்கிட்டே சொன்னேன். இங்க எல்லாப் புள்ளைங்களும் விழுகும். ஆனா அன்னையிலேர்ந்து என்னால இந்த வீட்டுல கண்ணை மூட முடியல. கீழ தண்ணி அடிக்கிற சத்தம் கேட்டா மூச்சு முட்டுது. கரையில ஒரு கடைக்குப் பின்னால தரையில படுக்குறேன். எனக்கு வேற ஒருத்தி இருக்கான்னு என் மனைவி நெனைக்குறா. நெனச்சுக்கட்டும். தண்ணிக்குப் பயந்தவன்னு நெனைக்கிறதுக்கு அது தேவலை."

கிழவருக்கு இப்போது நன்றாகவே கேட்டிருந்தது. அவர் தலையைக் குனிந்துகொண்டார்.

அப்லாவாவின் கையிலிருந்த துணி கீழே விழுந்தது. முதலில் அவளுக்கு வந்தது கோபம்தான். தூங்கிவிட்டான். என் குழந்தை தண்ணீரில் கிடக்க இவன் தூங்கியிருக்கிறான். அப்புறம் அன்று சந்தையிலிருந்து வந்தபோது வின்யோவின் தலை ஈரமாக இருந்ததும், அவள் அதைத் துவட்டிக்கொண்டே அன்றைய மீன் விலையைப் பற்றிப் பேசியதும், இவன் அதற்குச் சிரித்ததும் நினைவுக்கு வந்தன.

அவள் அவன் எதிரில் வந்து நின்று, பிரெஞ்சில் கேட்டாள். உச்சரிப்பு ஒதிலின் பாடப்புத்தகம் போலவே இருந்தது.

"எவ்வளவு நேரம் தண்ணியில இருந்தா?"

சாக்போ நிமிர்ந்து பார்த்தான்.

"கேக்குறேன்ல. எவ்வளவு நேரம்?"

"தெரியாது" என்றான் அவனும் பிரெஞ்சிலேயே. "அதுதான். தெரியாது."

கிழவி எழுந்து கிழவரின் கையைப் பிடித்தாள். "வா ரெனே, மழை எப்படிப் பெய்யுதுன்னு பாக்கலாம்" என்று சொல்லி, வாசலுக்குக் கூட்டிக்கொண்டு போய்த் தங்கள் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றாள். மழை அப்போது ஏறக்குறைய விட்டிருந்தது.

அப்லாவா கீழே உட்கார்ந்தாள்.

"என்கிட்டச் சொல்றதுக்கு என்ன?"

"சொன்னா என் மூஞ்சியில முழிப்பியா?"

"முழிச்சிருக்க மாட்டேன்" என்றாள். "மூணு நாள். மிஞ்சினா நாலு நாள். நீயா நாலு மாசம் போய்க் கெடந்தியே!"

"பிரெஞ்சு எப்பக் கத்துக்கிட்ட?"

"பேச்சை மாத்தாத."

குழந்தை இருவருக்கும் நடுவில் அழுகையை நிறுத்திவிட்டு, அம்மா அப்பாவிடம் பேசுகிற அதிசயத்தைப் பார்த்தது. அப்லாவா அவன் கையை எடுத்துத் தன் மடியில் வைத்து, நடுக்கம் அடங்கும்வரை இரண்டு கையாலும் பொத்திப் பிடித்துக்கொண்டாள். அழுகை அவளுக்கு அப்புறம்தான் வந்தது.

பிறகு எல்லாரும் புகைமீனும் மிளகாய்த் துவையலும் சாப்பிட்டார்கள். விருந்தாளிகளைத் துறையில் விட்டுவர அவன் கிளம்பியபோது, "அந்த அகாசாக்காரிக்கு என் பேரைச் சொல்லி ரெண்டு மீன் குடு. எடம் குடுத்திருக்கா பாவம்" என்று இலையில் கட்டிக் கொடுத்தாள். "மூட்டையையும் எடுத்துட்டு வா."

அவன் எடுத்துக்கொண்டு வந்தான். ஆனால் ஒரே நாளில் எதுவும் சரியாகிவிடவில்லை. படுப்பான், எழுந்து உட்காருவான், பிள்ளைகளின் பாயைத் தடவிப் பார்ப்பான். சில ராத்திரிகள் கரைக்கே போனான். அப்லாவா தடுக்கவில்லை. அவளும் அவனுமாக வாசல் பலகையைச் சுற்றி இடுப்பளவுக்கு மூங்கில் அடைப்புக் கட்டினார்கள். "என்ன, வீட்டுல ஆடா வளக்குறீங்க?" என்று கால்வாயே சிரித்தது. "ஆமா, ரெண்டு குட்டி" என்றாள் அவள். சாயங்காலங்களில் அவன் மார்பளவு தண்ணீரில் நின்று, கீழே இரண்டு கையையும் கொடுத்து, வின்யோவுக்கு நீந்தக் கற்றுக்கொடுத்தான். பக்கத்தில் அப்லாவாவும் இறங்கி நின்றாள், அவன் தோளில் கை வைத்துக்கொண்டு.

அடுத்த மழைக்காலம் தொடங்குவதற்கு முன் ஒரு ஞாயிற்றுக்கிழமை, சாப்பிட்டுவிட்டுச் சுவரில் சாய்ந்தவன் அப்படியே தூங்கிப்போனான். வாய் பிளந்து, குறட்டை விட்டு, நல்ல தூக்கம். அப்லாவா வின்யோவை முதுகில் துணியால் கட்டிக்கொண்டு வாசலில் போய் நின்றாள். எதிரே துடுப்புப் போட்டுக்கொண்டு வந்த மீன்காரி எட்டிப் பார்த்து, "என்னடி, மோட்டார் எதுவும் ஓடுதா உள்ள?" என்று குரல் கொடுத்தாள்.

"மெதுவாப் பேசுடி" என்றாள் அப்லாவா. "அவரு தூங்குறாரு."

மீன்காரி துடுப்பைத் தண்ணீரிலிருந்து தூக்கி மடியில் வைத்துக்கொண்டாள். படகு தானாக, சத்தமில்லாமல், அந்த வீட்டைக் கடந்து போயிற்று.